பிசின் தடவாத வில்

வயலின் வில்லில் பிசின் தடவாவிட்டால் சத்தம் வராது. இதில் ரகசியம் ஒன்றும் இல்லை. வில்லில் கட்டியிருக்கும் குதிரைமுடி வழவழப்பானது. கண்ணாடித் துண்டு போல இருக்கும் மரப்பிசின் கட்டியை அதில் நன்றாகத் தேய்த்தால்தான் முடி தந்தியைப் பிடிக்கும், தந்தி வாய் திறக்கும். தேய்க்காவிட்டால் வில் தன் பாட்டுக்குப் போகும், வரும். பார்க்க அழகாக இருக்கும். அவ்வளவுதான்.

இந்தச் சின்ன விஷயத்தை வைத்துக்கொண்டு ஒரு பெரிய நிர்வாகம் ஒரு மனிதரைப் பத்தொன்பது வருடம் என்ன பாடு படுத்தியது என்பதுதான் கதை.

அவருக்கு அப்போது இருபத்தாறு வயது. பேரிசைக் குழுவில் ஒரே ஒரு வயலின் இடம் காலி. அதற்குத் தேர்வு நடந்தது. அதே நாளில், அதே தாழ்வாரத்தின் எதிர் அறையில் தட்டச்சு வேலைக்கும் நேர்காணல் வைத்திருந்தார்கள். இடம் மிச்சமாகும் என்று யாரோ ஒரு புத்திசாலி போட்ட திட்டம். பெஞ்சில் வயலின்காரர்களும் தட்டச்சுக்காரர்களும் கலந்து உட்கார்ந்து, கைவிரல்களை நீவிவிட்டுக்கொண்டிருந்தார்கள்.

உள்ளே ஐந்து பேர் கொண்ட தேர்வுக் குழு. இவர் கண்ணை மூடிக்கொண்டு வாசித்தார். எட்டு நிமிடப் பாடல். அதில் முதல் பாதி ஒரு கேள்வி மாதிரி இருக்கும். இரண்டாவது பாதியில்தான் பதில் வரும். சரியாக அந்தக் கேள்வி முடிகிற இடத்தில் தலைவர், "போதும். அடுத்த ஆளை அனுப்புங்க," என்றார். பதிலுக்கு அங்கே யாருக்கும் அவசரம் இல்லை.

வெளியே வந்தபோது பெஞ்சில் ஃபைலை மடியில் வைத்திருந்த ஒரு பெண் அவரைப் பார்த்துக் கோபமாகக் கேட்டாள்.

"ஏங்க நிறுத்திட்டீங்க?"

"நிறுத்தச் சொன்னாங்க."

"அப்ப மீதி?"

"வேலை கிடைச்சா வாசிச்சுக் காட்டுறேன்."

வேலை கிடைத்தது, அவருக்கு. அவளுக்குக் கிடைக்கவில்லை. கதவுக்கு இந்தப் பக்கம் கேட்ட சத்தத்திலேயே மனம் போய்விட்டது, தட்டச்சில் பாதி எழுத்து தப்பு என்று பிற்பாடு அவளே சொன்னாள். ஒன்றரை வருடத்தில் கல்யாணம் ஆனது. மீதி மட்டும் பாக்கி.

வேலையில் சேர்ந்த அன்று அவருக்கு வயலின் வரிசையில் கடைசி நாற்காலியைக் காட்டினார்கள். முதுகில் பதினாறு என்று எழுதியிருந்தது. அன்றிலிருந்து அவர் பெயரும் பதினாறு. சொந்த வயலினைக் கிடங்கில் ஒப்படைத்துவிட வேண்டும் என்றார்கள். சொந்த வாத்தியம் வைத்திருப்பவர் சொந்தமாக வாசிக்கக்கூடும் என்பது விதி எண் நாற்பது. அதற்குப் பதில் குழுவின் வயலின் ஒன்றைக் கையில் கொடுத்தார்கள். இழுத்துப் பார்த்தார். காற்றுதான் வந்தது.

கிடங்குக்காரரிடம் போனார். அந்த மனிதர் ஒரு கம்பி வலைக்குப் பின்னால், சாவிக்கொத்தோடு, பிறவியிலேயே அங்கே வைத்துப் பூட்டப்பட்டவர் போல இருந்தார்.

"பிசின் வேணும் சார்."

"வேலை உறுதியான கடிதம் இருக்கா?"

"இன்னைக்குத்தான் சேர்ந்தேன்."

"அப்ப ரெண்டு வருஷம் கழிச்சு வாங்க. விதி நாற்பத்தி ஒண்ணு. புதுசா வர்றவங்க தப்பா வாசிக்கலாம். தப்பு வெளிய கேக்கக் கூடாதில்ல?"

"வெளியில வாங்கிக்கட்டுமா?"

"வெளிப் பொருளை உள்ள கொண்டு வந்தா வேலையே போயிடும். விதி நாற்பத்தி ரெண்டு," என்று அன்போடு சொன்னார்.

சாமி வரம் கொடுத்தாலும் பூசாரி வரம் கொடுக்க வேண்டுமே. பதினாறு இரண்டு வருடம் பொறுத்தார். ஒவ்வொரு நிகழ்ச்சியிலும் எல்லோருடைய வில்லும் மேலே போகும்போது அவர் வில்லும் மேலே போகும். கீழே வரும்போது கீழே வரும். ஒரு நாள்கூட அவர் பொய்யாக வாசிக்கவில்லை. ஒவ்வொரு சுரத்துக்கும் விரலை அதற்குரிய இடத்தில்தான் வைத்தார். கேட்கத்தான் இல்லை.

இரண்டு வருடம் முடிந்து விண்ணப்பித்தார். கோப்பு ஒரு வாரத்தில் திரும்பி வந்தது. 'இவர் நன்றாக வாசிக்கிறார் என்று குழு நடத்துநரின் சான்று தேவை.' குழுவுக்கு முன்னால் நின்று குச்சியசைத்து அதை நடத்துபவர்தான் நடத்துநர். நல்ல மனிதர், நேர்மையானவர்.

"நான் இதுவரைக்கும் உங்களைக் கேட்டதே இல்லையே தம்பி. கேக்காம எப்படிச் சான்று தர்றது?"

"பிசின் இருந்தா கேக்கலாம் சார்."

"அப்ப பிசின் வாங்கிட்டு வாங்க, கேக்கறேன்."

பிசின் வாங்கச் சான்று, சான்று வாங்கப் பிசின். பதினாறு கிடங்குக்கும் நடத்துநர் அறைக்கும் இடையே செக்குமாடாகச் சுற்றினார். மனு எழுதினார். கிணற்றில் போட்ட கல்லாகக் கிடந்தது. வீட்டுக்கு வந்து மனைவியிடம், "செவிடன் காதுல ஊதின சங்குதான்," என்று அலுத்துக்கொள்வார். அவள் சிரிப்பாள். "சங்காவது ஊதுறாங்க. நீங்க அதுவும் இல்ல."

முதல் கல்யாண நாளன்றே ஒரு முயற்சி நடந்திருந்தது. வாத்தியம் பழுது பார்ப்பவரிடம் ஒரு வயலினையும் பிசினையும் ஒரு நாள் கடன் வாங்கி வந்து, ஜன்னல்களைச் சாத்தி, மனைவியை நாற்காலியில் உட்கார வைத்து, வில்லில் பிசினைத் தேய்தேய் என்று தேய்த்து ஆரம்பித்தார். பத்து நொடி ஆகியிருக்கும், அழைப்பு மணி. குழுவின் குடியிருப்பு அது. கீழ் வீட்டில் இருந்தவர் பிழைப் பிரிவு அதிகாரி.

"உள்ள வயலின் சத்தம் கேட்டுச்சே?"

"ரேடியோ சார்."

"ரேடியோவுல இவ்வளவு நல்லா வராதே," என்று சொல்லிவிட்டு அதிகாரி வருத்தத்தோடு படிவத்தை நிரப்பினார். மறுநாள் குறிப்பாணை வந்தது. 'குழுவுக்கு வெளியே ஒலி எழுப்பியதன் மூலம் குழுவின் ஒலியைக் கசியவிட்டுள்ளீர். மறுமுறை நிகழின் பணி நீக்கம்.' பதினாறு பயந்துவிட்டார். பயம் என்று சொல்லிக்கொள்ள வெட்கமாக இருந்ததால், "வேலை உறுதியாகட்டும், முதல் வேலையா உனக்கு முழுசா வாசிக்கிறேன்," என்று மனைவியிடம் சொன்னார். அதற்குப் பிறகு எல்லா வருடமும் அவர் சொன்ன வாக்கியம் அது ஒன்றுதான்.

பிழைப் பிரிவைப் பற்றிச் சொல்ல வேண்டும். குழுவில் வாசிப்பவர்கள் அறுபது பேர். பிழைப் பிரிவில் எழுபது பேர். ஒவ்வொரு நிகழ்ச்சியின்போதும் திரைக்குப் பின்னால் உட்கார்ந்து யார் எங்கே தவறினார்கள் என்று குறிப்பார்கள். ஆண்டு முடிவில் பட்டியல் ஒட்டப்படும். முதல் நாற்காலியில் ஒரு அக்கா இருந்தார். அவர் வாசித்தால் பக்கத்தில் இருப்பவர்கள் தங்கள் பகுதியை மறந்து கேட்டுக்கொண்டிருப்பார்கள். அவருக்கு ஒரு ஆண்டு பிழைகள் பதினொன்று. பதினாறுக்குப் பூஜ்யம்.

விருது பதினாறுக்கு. அக்காவைச் சுரத்தாள்கள் வைக்கும் அறைக்கு மாற்றினார்கள். ஜன்னல் இல்லாத அந்த அறைக்கு மன்னிப்புக் கேட்கப் போனவரிடம் அக்கா கோபிக்கவில்லை.

"தம்பி, வாசிச்சா தப்பு வரத்தான் செய்யும். தப்பே வரக் கூடாதுன்னா வாசிக்காம இருக்கணும். உனக்கு அந்த வசதி தானா அமைஞ்சிருக்கு. போ, நல்லா இரு."

அதில் கிண்டல் எவ்வளவு, வாழ்த்து எவ்வளவு என்று பதினாறுக்குத் தெரியவில்லை. இரண்டு நாள் சாப்பாடு இறங்கவில்லை. மூன்றாம் நாள் விருதைச் சுவரில் மாட்டினார்.

விருது விழாவில் குழுவின் நிர்வாக இயக்குநர் பேசினார். "இசை என்றால் ஒலி என்று ஒரு பழைய கருத்து இருக்கிறது. நாங்கள் அதற்கு எதிரி அல்ல. ஆனால் நமக்கு வந்த புகார்களை ஆராய்ந்தபோது, அவை அனைத்துக்கும் மூல காரணம் ஒலிதான் என்று தெரியவந்தது. பதினாறு அவர்களைப் பாருங்கள். ஒரு புகார் உண்டா? எல்லோரும் பதினாறு ஆக வேண்டும். இதுவே என் கனவு."

கனவு பலித்தது. அந்த வாரமே முன் வரிசையில் ஒருவர் வில்லில் சோப்புத் தேய்ப்பதைப் பதினாறு பார்த்தார். அடுத்த மாதம் பெரிய வயலின்கள். கைகழுவும் இடத்தில் சோப்பு நிற்காமல் தீர்ந்ததால், 'சோப்பு கைகளுக்கு மட்டும்' என்று அறிவிப்பு ஒட்டினார்கள். எக்காளக்காரர் கைக்குட்டையை உள்ளே திணித்தார். குழல்காரர்கள் கன்னத்தை மட்டும் உப்பிக்காட்டப் பழகினார்கள். பாவம், முரசுக்காரர்தான் ரொம்ப நாள் திண்டாடினார். கடைசியில் குச்சியை ஓங்கி இறக்கி, தோலுக்கு ஒரு விரல் மேலே சட்டென்று நிறுத்தும் வித்தையைக் கண்டுபிடித்தார். அது உண்மையிலேயே கடினம். அவருக்குத் தனி விருது கொடுத்தார்கள்.

வருடத்துக்கு வருடம் குழு மெலிதாகி, ஒரு கட்டத்தில் சுத்தமாக நின்றுபோனது. எந்த நாளில் நின்றது என்று யாராலும் சொல்ல முடியாது. பார்வையாளர்கள் குறையவில்லை, கூடினார்கள். மெத்தை நாற்காலி, குளிர்ந்த அரங்கு, தொந்தரவு இல்லாத இரண்டு மணி நேரம் வேறு எங்கே கிடைக்கும்? கருத்துப் புத்தகத்தில் ஒருவர், 'பக்கத்து இருக்கைக்காரரின் குறட்டைகூடத் துல்லியமாகக் கேட்டது. அரங்க அமைப்பு அருமை,' என்று எழுதியிருந்தார். அதைச் சட்டம் போட்டு வாசலில் மாட்டினார்கள்.

பதினேழாவது வருடம் பழைய நடத்துநர் ஓய்வு பெற்றார். அடுத்தவர் யார் என்பதில் போட்டியே இல்லை. பதினேழு வருடமாகப் பூஜ்யம் வைத்திருந்தவர் ஒருவர்தான். பழம் நழுவிப் பாலில் விழுந்தது என்றார்கள் உறவினர்கள். கறுப்புக் கோட்டுத் தைத்துக்கொண்டு, குச்சியோடு மேடை ஏறினார் பதினாறு. அவர் கையை உயர்த்தியதும் அறுபது பேரும் ஒரே சமயத்தில் நிமிர்ந்தார்கள். கையை அசைத்ததும் அசைந்தார்கள். அன்றைய பாடலின் ஒவ்வொரு சுரமும் அவர் தலைக்குள் ஓடியது. எதிரே இருந்து ஒன்றுகூட வரவில்லை. கண்ணாடிக்கு அந்தப் பக்கம் பேசுகிறவர்களைப் பார்ப்பதுபோல இருந்தது. இறங்கி வந்தவருக்குச் சட்டை முழுக்க வேர்த்திருந்தது. கைதட்டல் மட்டும் காதைப் பிளந்தது. அதற்குப் பிழைப் பிரிவில் தடை இல்லை.

இயக்குநரைப் போய்ப் பார்த்தார்.

"சார், குழுவுக்குப் பிசின் கொடுக்கச் சொல்லுங்க."

"எதுக்கு?"

"சத்தம் வர்றதுக்கு."

இயக்குநர் கண்ணாடியைக் கழற்றி மேசை மேல் வைத்தார். "பதினாறு, நீங்க எதனால இந்தப் பதவிக்கு வந்தீங்க?"

"பிழை இல்லாததால சார்."

"ஏறி வந்த ஏணியை நீங்களே எட்டி உதைக்கலாமா? அறுபது குடும்பம் இருக்கு. எல்லாருக்கும் பூஜ்யம். ஒருத்தர் வாசிச்சாப் போதும், மத்த அம்பத்தொம்பது பேரும் வாசிக்கலைன்னு தெரிஞ்சுபோகும். அந்தப் பாவம் உங்களுக்கு எதுக்கு?"

"அப்ப என்னோட உறுதிக் கோப்பு சார்? எனக்கு மட்டுமாவது?"

"அதை முடிச்சாச்சே. நடத்துநருக்கு வில் கிடையாது. வில் இல்லாதவருக்குப் பிசின் எதுக்கு?" இயக்குநர் எழுந்து வந்து அவர் தோளில் கை வைத்தார். "எனக்கும் இசைன்னா உயிர் பதினாறு. அதனாலதான் அதை இவ்வளவு பத்திரமா வச்சிருக்கேன்."

அந்த வருடக் கடைசியில்தான் மனைவி காது மருத்துவரிடம் போக வேண்டும் என்றாள். மருத்துவர் கீழ்நோக்கிச் சரியும் கோடு போட்ட காகிதத்தைக் காட்டினார். நரம்பு வலுவிழந்து வருகிறது, இரண்டு காதும், நிறுத்த வழியில்லை. "ஒரு வருஷம், மிஞ்சிப்போனா ஒன்றரை. ஆளுக்கு ஆள் மாறும்."

படி இறங்கும்போது அவள் அழவில்லை. காய்கறி வாங்கச் சொல்வதுபோலச் சொன்னாள்.

"அதுக்குள்ள மீதியை வாசிச்சுடுங்க."

செவிடன் காதில் ஊதிய சங்கு என்ற பழமொழியை அதற்குப் பிறகு அவர் சொன்னதில்லை.

ஆனாலும் உடனே வாசித்துவிட்டார் என்று எண்ண வேண்டாம். அவர் மனு எழுதினார். மருத்துவச் சான்றை இணைத்தார். 'மனைவியின் செவித்திறன் குறைவதை முன்னிட்டு நான்கு நிமிடம் ஒலி எழுப்ப அனுமதி' கேட்டார். 'செவித்திறன் குறைந்தவருக்கு ஒலி தேவையற்றது; மனு நிராகரிக்கப்படுகிறது' என்று பதில் வர எட்டு மாதம் ஆனது. மேல்முறையீடு செய்தார். அதற்கு ஐந்து மாதம். இதற்கிடையில் மனைவிக்குக் கோபம் கூடிவிட்டதாக அவருக்குத் தோன்றியது. "அங்க திரும்பி நின்னுக்கிட்டுப் பேசாதீங்க, முகத்தைப் பாத்துப் பேசுங்க," என்று அடிக்கடி சொன்னாள். ரேடியோவைத் தூக்கிப் பரண் மேல் வைத்துவிட்டாள். கேட்டால், சலித்துப்போச்சு என்றாள். கோபப்படட்டும், நியாயம்தானே என்று அவரும் தலையைக் குனிந்துகொண்டு போனார்.

குழுவின் பொன்விழா வந்தது. மேல்முறையீட்டுக்கும் நிராகரிப்பு வந்த மறுநாள், பதினாறு முதல்முறையாகத் தன் வாழ்க்கையில் ஒரு தந்திரம் செய்தார். விழாவில் பழைய வாத்தியங்களின் கண்காட்சி இருந்தது. 'பார்வைக்கு மட்டும்' என்று எழுதிக் கொடுத்துத் தன் சொந்த வயலினைக் கிடங்கிலிருந்து வெளியே எடுத்தார். பார்ப்பதற்கு என்றால் கிடங்குக்காரருக்கு ஆட்சேபம் இல்லை. பெட்டியை நேரே சுரத்தாள் அறைக்குத் தூக்கிக்கொண்டு போனார்.

அக்காவுக்குத் தலை முழுக்க நரைத்திருந்தது. ஒன்றும் கேட்காமல் புதுத் தந்தி போட்டு, சுருதி சேர்த்துக் கொடுத்தார். பிறகு மேசை இழுப்பறையின் அடியிலிருந்து கட்டைவிரல் நகம் அளவுக்கு ஒரு பிசின் துண்டை எடுத்தார்.

"என் காலத்துல மிச்சம் வச்சது. ரெண்டு பேருக்குக் காணாது. ஒருத்தருக்குக் காணும்."

"பிழை வரும்க்கா."

"வரட்டும் தம்பி. வந்தாத்தான் நீ வாசிச்சன்னு அர்த்தம்."

சாயங்காலம் அரங்கு நிறைந்திருந்தது. மனைவி ஏழாவது வரிசையில், ஓர இருக்கையில். குழு ஒரு மணி நேரம் அசைந்து முடித்தது. கைதட்டல் ஓய்ந்ததும் பதினாறு குச்சியைக் கீழே வைத்தார். மேடை ஓரத்தில் கண்காட்சிக்கு வைத்திருந்த வயலினை எடுத்தார், பார்வையாளர் பக்கம் திரும்பினார், வில்லை வைத்து இழுத்தார்.

சத்தம் வந்தது.

முன்வரிசையில் ஒரு பெரிய மனிதர் தூக்கிவாரிப்போட்டு எழுந்தார். தீ விபத்து மணி என்று நினைத்து இரண்டு பேர் வாசலுக்கு ஓடினார்கள். குழந்தை ஒன்று சிரித்தது. பதினாறுக்கு இதெல்லாம் தெரியவில்லை. அவருக்குத் தெரிந்தது ஒன்றுதான்: சத்தம் நன்றாக இல்லை. பத்தொன்பது வருடம் பார்வைக்காக மட்டுமே அசைந்த வலது கை அழகாகப் போய் வந்தது; ஆனால் தந்தியை அழுத்தத் தெரியவில்லை. இடது கை விரல்கள் இடம் பார்த்துத்தான் வைத்திருந்தன. சரியான இடத்திலா என்று அத்தனை வருடமாக எந்தக் காதும் அவற்றுக்குச் சொன்னதில்லை. மயிரிழை மயிரிழையாக எல்லாமே நகர்ந்திருந்தது. சுரங்கள் அபஸ்வரமாக விழுந்தன. பின்னால் அறுபது பேரும் தலையைத் தாழ்த்திக்கொண்டார்கள். முரசுக்காரர் மட்டும் அழுதார்.

'போதும்' என்று சொன்ன இடம் வந்தது. நிறுத்திவிடலாம் என்றுதான் தோன்றியது. ஏழாவது வரிசையைப் பார்த்தார். அவள் கண்ணை எடுக்காமல் வில்லையே பார்த்துக்கொண்டிருந்தாள். பதினாறு மீதியையும் வாசித்தார். ஒரே ஒரு இடத்தில், நாலைந்து சுரம்தான் இருக்கும், பழைய குரல் தானாக வந்து நின்றது, போய்விட்டது. கடைசிவரை வாசித்து முடித்து வில்லை எடுத்தார்.

இயக்குநர் ஒலிவாங்கியைப் பிடித்தார். "அன்பார்ந்த விருந்தினர்களே, அச்சப்பட வேண்டாம். மேடையிலிருந்து ஒலி வந்ததாகத் தெரிகிறது. இது தனி நபரின் செயல். நிர்வாகத்துக்கும் இசைக்கும் எந்தத் தொடர்பும் இல்லை என்பதைத் தெளிவுபடுத்துகிறேன். ஐம்பது ஆண்டுகளாக இந்த மேடையைக் காத்து வந்திருக்கிறோம். இனியும் காப்போம்." அரங்கு நிம்மதியோடு கைதட்டியது.

திரைக்குப் பின்னால் பிழைப் பிரிவு அதிகாரி காத்திருந்தார். அதே கீழ் வீட்டுக்காரர்தான். கையிலிருந்த தாள் போதாமல் பக்கத்து ஆளின் தாளையும் வாங்கி எழுதியிருந்தார்.

"இருநூத்திப் பதினாலு. சரியா இருக்கா பாத்துக் கையெழுத்துப் போடுங்க."

பதினாறு பார்த்தார். ஒன்றுகூட விடுபடவில்லை. கையெழுத்துப் போட்டார்.

அதிகாரி போகாமல் நின்றார். "நடுவுல ஒரு இடம் ரொம்ப நல்லா இருந்துச்சு," என்றார் மெதுவாக. "படிவத்துல அதுக்குக் கட்டம் இல்ல."

அதற்குள் கடிதம் தயாராகி வந்துவிட்டது. நடத்துநர் பதவி பறிப்பு. நாளையிலிருந்து மறுபடியும் பதினாறாம் நாற்காலி. இரண்டு வருடத் தகுதிகாண் காலம் முதலிலிருந்து தொடக்கம். பதினாறு அதை மடித்துச் சட்டைப்பையில் வைத்தார். அது அவரை அவ்வளவாகத் தொடவில்லை. அவர் கவலை வேறு. பத்தொன்பது வருடம் அவள் மனதில் பத்திரமாக வைத்திருந்த அந்த முதல் பாதியை இன்றைக்கு நானே கெடுத்துவிட்டேனே, சும்மாவாவது இருந்திருக்கலாமே என்று நொந்துகொண்டார்.

அவள் பின்வாசல் வழியாக வந்தாள். அவருக்கு அவள் முகத்தைப் பார்க்கத் துணிவில்லை. கீழே குனிந்து பெட்டியில் வயலினை வைத்துக்கொண்டே கேட்டார்.

"எப்படி இருந்துச்சு?"

பதில் இல்லை.

அவளுக்குச் சொல்ல மனம் வரவில்லை போலிருக்கிறது என்று நினைத்தார். பெட்டியை மூடினார். நிமிர்ந்து, முகத்துக்கு நேரே பார்த்து, மறுபடி கேட்டார்.

"எப்படி இருந்துச்சு?"

அவள் முகம் முழுக்க மலர்ந்தது. கண்ணில் தண்ணீர் நின்றது.

"மீதியையும் கேட்டுட்டேங்க. அன்னைக்கு மாதிரியே இருந்துச்சு. ஒரு தப்புகூட இல்ல."

ஒரு தப்புகூட இல்லை என்றால் என்ன அர்த்தம் என்று அந்தக் கட்டிடத்தில் அவரை விட நன்றாகத் தெரிந்தவர் யாரும் இல்லை. பதினாறுக்கு அழுகை பொத்துக்கொண்டு வந்தது. சந்தோஷத்தில் அழுகிறார் என்று நினைத்து அவள் அவர் கண்ணைத் துடைத்துவிட்டாள். அவர் அவளை வெளிச்சத்தின் பக்கமாகத் திருப்பி நிறுத்தி, தன் உதடு அவளுக்குத் தெரிகிற மாதிரி மெதுவாகச் சொன்னார்.

"வா, வீட்டுக்குப் போலாம்."